சாபா மலைவயல்களில் ஒரு நாள் நடக்க நினைப்பவர்களுக்கு

"செப்டம்பரில் வியட்நாம் வருகிறோம். நானும் கணவரும், கூட 62 வயதில் அம்மா. மூன்று பேரும் சைவம். சாபாவில் படிக்கட்டு வயல்களுக்கு நடுவே, ஹ்மாங் கிராமங்கள் வழியாக ஒரு நாள் நடக்க ஆசை. வழிகாட்டி கட்டாயமா, மேப் பார்த்து நாங்களே போய்விடலாமா? அம்மாவால் முடியுமா? சாப்பாட்டுக்கு என்ன செய்வது?" என்று கேட்டிருந்தீர்கள். ஹனோயில் வேலை பார்ப்பவன், ஊரிலிருந்து யார் வந்தாலும் அந்தப் பக்கம் கூட்டிப் போகிறவன் என்பதால் தெரிந்ததையெல்லாம் சொல்லிவிடுகிறேன், கொஞ்சம் நீளும்.

போங்கள். வழிகாட்டியோடு போங்கள். அந்த வழிகாட்டி அந்தப் பள்ளத்தாக்கிலேயே பிறந்து, அங்கேயே நாற்று நட்டு, இன்றைக்கும் அங்கேயே குடியிருக்கிற ஒரு ஹ்மாங் மலையினப் பெண்ணாக இருக்கும்படி பார்த்துக்கொள்ளுங்கள். மற்ற எல்லாவற்றையும்விட இதுதான் முக்கியம். காட்சி மட்டும் போதும் என்றால் சாபா நகரத்தில் பள்ளத்தாக்கைப் பார்த்த மாதிரி இருக்கும் ஏதாவது ஒரு காபிக் கடை மாடியில் உட்கார்ந்தாலே கிடைத்துவிடும், ஃபான்சிபான் சிகரத்துக்குப் போகும் கேபிள் காரிலிருந்து பார்த்தால் இன்னும் நன்றாகவே தெரியும். கீழே இறங்கி நடப்பது அதற்காக இல்லை. எந்த வயல் யாருடையது, தண்ணீர் எங்கிருந்து வருகிறது, இந்த வீட்டு வாசலில் மட்டும் ஏன் இலைக்கொத்து தொங்குகிறது, அடுத்த ஊரில் ஏன் உடையே மாறிவிடுகிறது என்பதெல்லாம் எந்த மேப்பிலும் இருக்காது. ஹனோயிலிருந்து கூடவே வரும் வழிகாட்டிகள் பெரும்பாலும் நாட்டின் பெரும்பான்மையினரான கின் இனத்தவர், நல்லவர்கள்தான், ஆனால் ஹ்மாங் மொழி தெரியாதவர்கள், ஆகவே திண்ணையில் நூல் திரித்துக்கொண்டிருக்கும் பாட்டியிடம் உங்கள் கேள்வியைக் கேட்டுச் சொல்ல அவர்களால் முடியாது.

இடத்தைப் பற்றி முதலில். சாபா இருப்பது வியட்நாமின் வடமேற்கு மூலையில், சீன எல்லையை ஒட்டிய லாவோ காய் மாகாணத்தில், கிட்டத்தட்ட 1500 மீட்டர் உயரத்தில். ஆங்கிலேயர் ஊட்டியை உண்டாக்கியதுபோல, வெயிலுக்குத் தப்பி ஓய்வெடுக்கப் பிரெஞ்சுக்காரர்கள் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் உண்டாக்கிய மலை ஊர். எதிரே ஃபான்சிபான், 3140 மீட்டருக்கு மேல், வியட்நாமிலேயே உயரமான சிகரம். ஊருக்குக் கீழே மூங் ஹோவா ஓடை ஓடும் நீண்ட பள்ளத்தாக்கு. நீங்கள் நடக்கப்போவது அதில்தான். ஹ்மாங் மக்கள் தெற்குச் சீனாவிலிருந்து பெரும்பாலும் 18, 19ஆம் நூற்றாண்டுகளில் இந்தப் பக்கம் வந்தவர்கள். 2019 கணக்கெடுப்பின்படி வியட்நாம் முழுக்க ஏறத்தாழ 13.9 லட்சம் பேர். சாபாவைச் சுற்றி இருப்பவர்கள் அவர்களில் கறுப்பு ஹ்மாங் என்று அழைக்கப்படும் பிரிவு, உடையின் நிறத்தால் வந்த பெயர். அவர்கள் வந்தபோது இந்த வடக்கு மலைகளில் ஆற்றோரத்துச் சமநிலங்களில் பொதுவாக மற்ற இனத்தவர் ஏற்கெனவே குடியிருந்தார்கள். இவர்களுக்குக் கிடைத்தது சரிவு.

அந்தச் சரிவை எப்படி வயலாக்கினார்கள் என்பதைத்தான் நீங்கள் நின்று பார்க்க வேண்டும். மலை உச்சியில் காட்டை விட்டுவைத்திருப்பார்கள். காட்டுக்குள் கசியும் ஊற்றுநீரை வாய்க்கால் வெட்டியும், நடுவில் பள்ளம் குறுக்கிட்டால் பிளந்த மூங்கிலை வைத்தும் மேல் வயலுக்குக் கொண்டுவருவார்கள். அங்கிருந்து ஒவ்வொரு வரப்பிலும் கையகலத்துக்கு ஒரு மடை, அதன் வழியே அடுத்த படிக்கு, அதிலிருந்து அடுத்த படிக்கு என்று ஓடை வரைக்கும் தண்ணீர் தானாகவே இறங்கும். இறைப்பு கிடையாது, மோட்டார் கிடையாது. மேல் வயல்காரர் மடையை அடைத்தால் கீழே வரிசையாக எல்லா வயலும் காயும், அதனால் யார் எப்போது திறப்பது என்பது ஊருக்குள் பேசி வைத்த ஏற்பாடு. சில வயல்கள் எருமை திரும்பக்கூட இடமில்லாத அளவு ஒடுக்கம், அவற்றை மண்வெட்டியாலேயே கொத்த வேண்டும். அகலமான வயல்களில் இப்போது எருமையோடு கூடக் கையால் தள்ளும் சின்ன உழவு எந்திரமும் பார்க்கலாம்.

வரப்பைக் கொஞ்சம் உட்கார்ந்து பாருங்கள். ஒவ்வொரு நடவுக்கு முன்பும் வரப்பின் முகத்தை மண்வெட்டியால் சீவி, புல்லையும் வேரையும் எடுத்துவிட்டு, வயல் சேற்றையே அள்ளி அறைந்து, கையாலும் காலாலும் தேய்த்து வழவழப்பாக்கி அண்டை கட்டுவார்கள். காய்ந்த பிறகு அது செங்கல் மாதிரி இறுகும். எலியும் நண்டும் துளை போட்டால் முதல் மழையில் அந்த இடம் உடையும், ஒரு வரப்பு உடைந்தால் மேலே தேங்கிய தண்ணீர் மொத்தமும் கீழ் வரப்பில் போய் மோதும், பிறகு அதுவும் போகும். படத்துக்காக வரப்பின் விளிம்பில் ஏறி நிற்கும் பயணிகளைப் பார்த்தால் எனக்கு மனசு பதறுவது இதனால்தான். வழிகாட்டி எங்கே கால் வைக்கிறாரோ அங்கே மட்டும் கால் வையுங்கள்.

இங்கே ஆண்டுக்கு ஒரே ஒரு போகம்தான். குளிர் அவ்வளவு. ஏப்ரல் கடைசியிலிருந்து மே வரைக்கும் தண்ணீர் கட்டுவார்கள், அப்போது மலை முழுக்கக் கண்ணாடித் துண்டு பதித்ததுபோல் இருக்கும்; மே கடைசி, ஜூனில் நடவு; ஜூலை, ஆகஸ்ட் பச்சை; ஆகஸ்ட் கடைசியில் மஞ்சள் ஏறும், செப்டம்பர் நடுவுக்குள் பெரும்பாலும் அறுத்து முடித்துவிடுவார்கள். அறுத்த நெற்கதிரை வயலிலேயே ஒரு பெரிய மரப்பெட்டியின் உள்சுவரில் அடித்து உதிர்ப்பார்கள், அந்தச் சத்தம் பள்ளத்தாக்கின் அந்தக் கரை வரைக்கும் கேட்கும். நெல்லை மூட்டையாக முதுகில்தான் தூக்கிப் போக வேண்டும், வண்டி போகாத சரிவு. அப்புறம் குளிர்காலம் முழுக்க வயல் சும்மா கிடக்கும், எருமைகள் அவிழ்த்துவிடப்பட்டு அதில் மேயும். 2008 தொடக்கத்தில் வந்த நீண்ட குளிரில் வட வியட்நாமில் ஏராளமான மாடுகளும் எருமைகளும் செத்துப்போயின. எருமை போனால் உழவு போனது என்று அர்த்தம். ஒரு போக நெல் பல வீடுகளுக்கு ஆண்டு முழுவதற்கும் பற்றாது. அதனால் மேட்டு நிலத்தில் மக்காச்சோளம், காட்டு நிழலில் பெரிய கறுப்பு ஏலக்காய். இவை போக, கையில் காசாக வருவது உங்களைப் போல வருபவர்களால்தான். உங்களோடு நடக்கும் பெண் அந்தக் கணக்கோடுதான் நடக்கிறார், அதில் தப்பே இல்லை.

ஆகவே செப்டம்பர் என்றால் முதல் பாதியில் வாருங்கள். செப்டம்பர் 2 வியட்நாமின் தேசிய தினம், அதை ஒட்டிய விடுமுறையில் ஹனோயே திரண்டு சாபாவுக்கு வந்துவிடும், அறை வாடகை ஏறும், ரோட்டில் வண்டி நகராது. 5, 6 தேதிக்குப் பிறகு, வார நாளாகப் பார்த்து வைத்துக்கொள்ளுங்கள். மாதக் கடைசியில்தான் வர முடியும் என்றால் சாபாவில் அறுத்த வயலும் தாளும்தான் இருக்கும். முக்காங் சாய் பக்கம் யோசியுங்கள், அங்கே கொஞ்சம் பிந்தி விளையும், அக்டோபர் தொடக்கம் வரைக்கும் மஞ்சள் நிற்கும். அது இருந்த யென் பாய் மாகாணத்தை 2025 ஜூலையில் லாவோ காயோடு இணைத்துவிட்டதால் அதுவும் இப்போது அதே மாகாணம்தான், ஆனால் மலைப்பாதையில் பல மணி நேரப் பயணம்.

மழையைப் பற்றி ஒளிக்காமல் சொல்கிறேன். செப்டம்பர் புயல் மாதம். 2024 செப்டம்பரில் யாகி புயல் வந்தபோது லாவோ காய் மாகாணத்தில்தான் மிக மோசமான நிலச்சரிவுகள் நடந்தன. பாவோ யென் பகுதியில் லாங் நு என்ற கிராமம் ஏறக்குறைய முழுதாக மண்ணில் புதைந்தது. புயல் எச்சரிக்கை இருந்தால் கொடுத்த முன்பணத்தைப் பற்றி யோசிக்காமல் பயணத்தைத் தள்ளிப்போடுங்கள். வழிகாட்டி "இன்றைக்கு இந்த வழி வேண்டாம்" என்றால் மறுபேச்சு வேண்டாம். சாதாரணத் தூறலுக்குப் பயப்பட வேண்டியதில்லை, மேகம் பள்ளத்தாக்கில் இறங்கி ஏறிக்கொண்டே இருப்பது அங்கே அன்றாடம்.

இனி வழி. வழக்கமான ஒரு நாள் நடை சாபாவிலிருந்து காலை ஒன்பது, ஒன்பதரைக்குக் கிளம்பி ஈ லின் ஹோ, லாவோ சாய், தா வான் என்று போய் மூன்று, நான்கு மணிக்கு முடியும். மொத்தம் பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர், பெரும்பாலும் இறக்கம், திரும்பும்போது வண்டி. ஈ லின் ஹோ இறக்கத்தில் மூங்கில் தோப்புகளும் செங்குத்தான மண்பாதையும் இருக்கும், மழை பெய்திருந்தால் வழுக்கும். லாவோ சாய் கறுப்பு ஹ்மாங் ஊர், இந்தப் பக்கத்திலேயே வயல்கள் மிக விரிந்து கிடப்பது அங்கேதான். ஓடையைத் தாண்டி தா வான் போனால் அது ஸாய் மக்களின் ஊர்; பக்கவாட்டில் பொத்தான் வைத்த பளிச்சென்ற சட்டை, வேறு மொழி, வீடு கட்டும் முறையும் வேறு. ஒன்றரை மணி நேர நடைக்குள் இப்படி மாறுவதை நடந்து போகும்போதுதான் உணர முடியும். இன்னும் மேலே ஜாங் தா சாய் போனால் சிவப்புத் தலைத்துணி கட்டிய ஸாவ் மக்கள். நேரமும் காலும் இருந்தால் அதையும் சேர்த்துக்கொள்ளலாம்.

இந்த வழக்கமான பாதையில் இப்போது நிறைய காங்கிரீட் போட்டுவிட்டார்கள், பைக் ஓடுகிறது, தா வானில் தங்கும் விடுதிகள் வரிசையாக முளைத்துவிட்டன. அதைப் பார்த்து "எல்லாம் கெட்டுப்போச்சு" என்று எழுதுபவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை, மழைக்காலத்தில் பிள்ளையை ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப் போகும் தாய்க்கு அந்த ரோடு வேண்டும். ஆனால் நீங்கள் நடக்க வந்திருக்கிறீர்கள், அதனால் புக் பண்ணும்போதே கேளுங்கள்: கீழ் ரோட்டு வழியா, மேல் வழியா? ஹௌ தாவ் பக்கம் முகடு ஓரமாகப் போய் லாவோ சாய்க்கோ தா வானுக்கோ இறங்கும் பாதைகள் உண்டு, கூட்டம் குறைவு, பள்ளத்தாக்கு முழுசாகக் கீழே கிடக்கும். நல்ல வழிகாட்டி உங்கள் நடையை முதல் அரை மணி நேரம் பார்த்துவிட்டு அதற்கேற்ப வழியை மாற்றுவார். நகரத்தை ஒட்டியிருக்கும் கட் கட் கிராமத்தை நான் இதில் சேர்க்கவே மாட்டேன். அருவி அழகுதான், ஆனால் வாடகைக்கு எடுத்த உடையில் படம் எடுக்கும் கூட்டமும் கடைகளும்தான் அதிகம். கிராமங்களுக்கு நுழைவுச் சீட்டு உண்டு. அது கட்டணத்தில் சேர்த்தியா, மதியச் சாப்பாடும் திரும்பும் வண்டியும் சேர்த்தியா என்று முன்கூட்டியே கேட்டுவிடுங்கள்.

வழிகாட்டியை எப்படிப் பிடிப்பது? ஹனோயில் ஏஜென்சியில் மொத்தமாகக் கட்டினால் இடையில் இரண்டு மூன்று கை மாறி, நடப்பவருக்குப் போவது சொற்பம். ஹ்மாங் பெண்களே சேர்ந்து நடத்தும் அமைப்புகள் சாபாவில் இருக்கின்றன, தனியாகவே வாட்ஸ்அப்பில் பேசி ஏற்பாடு செய்யும் பெண்களும் நிறைய. அவர்கள் பேசும் ஆங்கிலம் பெரும்பாலும் பள்ளியில் படித்ததில்லை, சின்ன வயதில் பயணிகள் பின்னால் நடந்து காதால் கேட்டுப் பழகியது. எழுதத் தெரியாதவர்கூட சரளமாகப் பேசுவார். பெரிய குழுவோடு சேராமல் உங்கள் மூன்று பேருக்கு மட்டும் தனியாக ஒருவரை வைத்துக்கொள்ளுங்கள், அம்மாவின் நடைக்கு அதுதான் ஒத்துவரும்.

ஊரை விட்டு இறங்கும்போதே முதுகில் கூடையோடு இரண்டு மூன்று பெண்கள் கூட வருவார்கள், இவர்கள் வழிகாட்டிகள் இல்லை. பேர் என்ன, எத்தனை பிள்ளைகள் என்று கேட்பார்கள், வழுக்கும் இடத்தில் அம்மாவின் கையைப் பிடித்துக்கொள்வார்கள், சொன்னால் நம்பமாட்டீர்கள், நாம் டிரெக்கிங் ஷூவில் தடுமாறும் இடத்தில் அவர்கள் பிளாஸ்டிக் செருப்பில் நிமிர்ந்து நிற்பார்கள். மதியம் சாப்பாட்டுக் கடை வந்ததும் கூடையைத் திறந்து "என்னிடம் வாங்கு" என்பார்கள். பலர் இதை ஏமாற்று என்று எழுதுகிறார்கள். இரண்டு மணி நேரம் கை பிடித்து நடத்தி வந்தவர் ஒரு பை வாங்கச் சொல்வதில் என்ன ஏமாற்று இருக்கிறது? வாங்க விருப்பமில்லை என்றால் கிளம்பும்போதே சிரித்த முகத்தோடு சொல்லிவிடுங்கள், அவர்கள் வேறு ஆளைப் பார்ப்பார்கள், அவர்களின் அரை நாளும் வீணாகாது. கையைப் பிடித்து நடந்துவிட்டு மதியம் முகத்தைத் திருப்பிக்கொள்வதுதான் தப்பு. குழந்தைகள் விற்றால் மட்டும் வாங்காதீர்கள், மிட்டாயும் காசும் கொடுக்காதீர்கள். அந்தக் காசு நன்றாக வந்தால் பிள்ளை பள்ளிக்குப் போகாது.

துணி வாங்குவதென்றால் எது கையால் செய்தது என்று வழிகாட்டியிடமே கேளுங்கள், சந்தையில் தொங்குவதில் எந்திரத்தில் அச்சடித்தது நிறைய. அசலானது கஞ்சா இனத்துச் செடியின் நாரில் நெய்தது, போதைக்காக அல்ல, நாருக்காகவே வளர்ப்பது. பட்டையை உரித்துக் கீற்றாக்கி, நுனியோடு நுனி சேர்த்துத் திரித்துக் கையில் சுற்றிக்கொண்டே பெண்கள் நடப்பார்கள், வாய் பேசிக்கொண்டிருக்கும், விரல் நிற்காது. நெய்த துணியில் உருக்கிய தேன்மெழுகால் கோலம் மாதிரிக் கோடு இழுத்து, நீலச் சாயத் தொட்டியில் முக்கிக் காயவைத்து, மறுபடி முக்கி, நாள் கணக்கில் செய்தால் கறுப்புக்கு ஒரு படி முந்திய நீலம் வரும். கடைசியில் மெழுகை வெந்நீரில் போக்கினால் கோடு வெள்ளையாகத் தெரியும். சாயம் எடுக்கும் செடி நம் அவுரி இல்லை, ஈரமான மலைநிழலில் வளரும் வேறு இனம், வீட்டோரத்திலேயே பார்க்கலாம், ஒரு இலையைக் கசக்கிக் கொஞ்ச நேரம் வைத்திருந்தால் விரல் நீலமாகும். சாயம் போடும் பருவத்தில் அந்தப் பெண்களின் கை மணிக்கட்டு வரைக்கும் நீலமாகவே இருக்கும். புதுத் துணி நன்றாகவே சாயம் விடும், வெள்ளைத் துணியோடு பையில் வைக்காதீர்கள்.

வீடுகளைப் பற்றி ஒரு வார்த்தை. ஹ்மாங் வீடு மண்தரையில் நேரே நிற்கும், உள்ளே இருட்டாக இருக்கும், நடுச்சுவரில் முன்னோருக்கான இடம், அடுப்புக்கு மேலே பரணில் மக்காச்சோளம். வாசலில் பச்சை இலைக்கொத்து கட்டியிருந்தால் வீட்டுக்குள் ஏதோ சடங்கு அல்லது பிரசவம், வெளியார் நுழையக் கூடாது, கூப்பிட்டுப் பார்ப்பதும் வேண்டாம். மற்ற வீடுகளுக்கும் வழிகாட்டி கேட்டுச் சொன்ன பிறகுதான். படம் எடுக்குமுன் கேளுங்கள், நம் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருக்கும் நம் பாட்டியை யாராவது கேட்காமல் எடுத்தால் விடுவோமா?

சாப்பாடு. "ஆன் சாய்" என்றால் சைவம், எல்லாருக்கும் புரியும். ஆனால் அவர்கள் நினைக்கும் சைவத்தில் மீன் சாஸ் சில சமயம் நுழைந்துவிடும், அதைவிட முக்கியம், மலைக்கிராமங்களில் வதக்குவது பன்றிக் கொழுப்பில். இரண்டையும் தனித்தனியாகச் சொல்லி, எண்ணெயில் செய்யச் சொல்லுங்கள், முந்தின நாளே வழிகாட்டியிடம் சொன்னால் அவர் போன் போட்டுவிடுவார். சோறு, தக்காளிக் குழம்பில் டோஃபு, கீரை, வறுத்த நூடுல்ஸ் கிடைக்கும். சௌசௌக் கொடியின் இளந்தளிரைப் பூண்டு போட்டு வதக்கித் தருவார்கள், சாபா பக்கம் அது பேர் போனது. நாம் காயை மட்டும் தின்றுவிட்டுத் தளிரை விட்டுவிடுகிறோம் என்று உங்கள் அம்மா நிச்சயம் வருத்தப்படுவார். ஊறுகாயும் பொடியும் ஒரு சின்ன டப்பாவில் வைத்துக்கொள்ளுங்கள். சோள மது ஊற்றித் தந்தால் குடிக்காதவர்கள் கையை நெஞ்சில் வைத்து வேண்டாம் என்றால் போதும்.

அம்மாவுக்கு வருவோம். தினமும் நடப்பவர், மூட்டு வலி இல்லை என்றால் முழு வழியும் நடக்கலாம். ஆனால் ஏற்றத்தைவிட இந்த இறக்கம்தான் முழங்காலைப் பதம் பார்க்கும். சந்தேகமாக இருந்தால் காலையில் லாவோ சாய் வரைக்கும் வண்டியில் போய், அங்கிருந்து தா வான் வரைக்கும் மட்டும் நடங்கள், பெரும்பாலும் சமமான பாதை, வயலும் ஊரும் குறையில்லாமல் கிடைக்கும். நீங்களும் கணவரும் மேல் வழியில் இறங்கி வந்து மதியச் சாப்பாட்டுக்கு அம்மாவோடு சேர்ந்துகொள்ளலாம், அம்மாவோடு இன்னொரு வழிகாட்டி இருக்கட்டும். பள்ளத்தாக்கை ஒட்டியே மேலே ரோடு ஓடுவதால் எந்த ஊரில் களைத்தாலும் பைக்கோ காரோ வரவழைத்துவிடலாம்.

மழை பெய்திருந்தால் ரப்பர் பூட்ஸ் வாடகைக்குத் தருவார்கள், நல்ல ஷூவைவிட அந்தச் சேற்றில் அதுதான் நிற்கும். பெரிய பாதமாக இருந்தால் அளவு கிடைக்காது, முன்பே சொல்லிவையுங்கள். மூங்கில் கம்பு ஒன்று கட்டாயம். ஹனோயிலிருந்து லாவோ காய்க்கு இரவு ரயில் உண்டு, அங்கிருந்து சாபா 38 கிலோமீட்டர், வண்டியில் ஒரு மணி நேரம். 2014இல் விரைவுச்சாலை திறந்த பிறகு நேர் பஸ்ஸே ஐந்தாறு மணி நேரத்தில் போய்விடுகிறது. அம்மாவோடு என்றால் பகல் வண்டியில் போய், இரவு தூங்கி, மறுநாள் காலை நடங்கள். ராத்திரிப் பயணம் முடிந்த கையோடு நடையைத் தொடங்குவது இளவட்டங்களுக்குச் சரி. விசாவுக்கு அரசின் அதிகாரபூர்வ இணையதளத்திலேயே விண்ணப்பியுங்கள், ஒருமுறை நுழைவுக்கு 25 டாலர்தான், அதே மாதிரித் தோற்றத்தில் பல மடங்கு வாங்கும் தனியார் தளங்கள் இருக்கின்றன. நடை முடிந்து கொடுக்கும் டிப்ஸை வழிகாட்டியின் கையிலேயே, வியட்நாம் பணமான டாங்காகக் கொடுங்கள். கிராமத்தில் கார்டு செல்லாது, டாலரை மாற்றவும் அவர் நகரத்துக்கு வர வேண்டியிருக்கும்.